லெப்டினன்ட் சங்கிலியம்மாளுக்கு ஒரு கொடி

முப்பத்தொன்பது வருடம் ராணுவத்தில் இருந்து, மேஜர் ஜெனரலாக ஓய்வு பெற்று வந்த ஜெபஷீலாவைப் போடி பஜார் ஒரே ஒரு காரியத்துக்குத்தான் பயன்படுத்தியது. பிரஷர் பார்க்க. தம்பி கிறிஸ்டோபரின் ஹார்டுவேர் கடைக்குப் பின்பக்கம்தான் வீடு. ஆணி வாங்க வருகிறவர், தாழ்ப்பாள் வாங்க வருகிறவர் எல்லாரும் சட்டைக் கையைச் சுருட்டிக்கொண்டே உள்ளே எட்டிப் பார்ப்பார்கள். "அக்கா மிலிட்டரி ஆஸ்பத்திரியில நர்ஸா இருந்தாகளாம்ல, கொஞ்சம் பாக்கச் சொல்லேன்."

நர்ஸ்தான். அதில் அவளுக்கு ஒரு வெட்கமும் கிடையாது. ஆனால் நாட்டில் உள்ள ராணுவ நர்சுகள் அத்தனை பேருக்கும் மேலே டெல்லியில் உட்கார்ந்திருந்தவள். அவள் அறைக்குள் நுழைந்தால் கர்னல்கள் நாற்காலியைத் தள்ளிக்கொண்டு எழுந்திருப்பார்கள். பஜாருக்கோ ஜெனரல் என்றால் மீசை வேண்டும், இடுப்பில் துப்பாக்கி வேண்டும். கூடப்பிறந்த கிறிஸ்டோபரே யாராவது கேட்டால், "ஆர்மியில பெரிய போஸ்ட்ல இருந்தாக" என்று பொத்தாம்பொதுவாகச் சொல்லிவிட்டு அடுத்த பேச்சுக்குப் போய்விடுவான். ஊர் வாயை மூட உலைமூடி ஏது என்று அவளும் இரண்டு வருடமாக விட்டுப் பிடித்துக்கொண்டிருந்தாள்.

தை மாதம், ஒரு வியாழக்கிழமை காலை ஏழு மணிக்குக் காமயகவுண்டன்பட்டியிலிருந்து விஜி போன் செய்தாள்.

"பெரியம்மா, அம்மா போயிருச்சு."

விஜி, சங்கிலியம்மாளின் ஒரே மகள். உத்தமபாளையத்தில் ஒரு பள்ளிக்கூடத்தில் டீச்சர். சங்கிலியம்மாள் யாரென்றால், நாற்பது வருடத்துக்கு முன் ஜெபஷீலாவோடு ஒரே பஸ்ஸில் மதுரைக்குப் போய், ஒரே ரயிலில் வடக்கே ஏறி, ஒரே நாளில் லெப்டினன்டாகத் தோளில் நட்சத்திரம் குத்திக்கொண்டவள். நாலே வருடத்தில் அவளை வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள். ஜெபஷீலா மட்டும் மேலே மேலே போனாள்.

"விடியக்காலம் நெஞ்சு வலிக்குதுன்னுச்சு. கம்பம் ஆஸ்பத்திரிக்குப் போறதுக்குள்ள..."  விஜி சமாளித்துக்கொண்டு சொன்னாள். "ஒண்ணே ஒண்ணு பெரியம்மா. அம்மா முன்னமே சொல்லி வச்சிருந்துச்சு. என்னைச் சும்மா தூக்கிட்டுப் போயிராதீக, கொடி போத்தி, பியூகிள் ஊதி அனுப்பணும்னு. அப்பா சங்கத்துக்குப் போன் போட்டாரு. முடியாதுன்னுட்டாக. நீங்க சொன்னா கேப்பாகளா?"

"கேக்க வைக்கிறேன்" என்றாள் ஜெபஷீலா.

சங்கம் என்பது அந்தப் பள்ளத்தாக்கில் உள்ள முன்னாள் ராணுவத்தார் தங்களுக்காக வைத்துக்கொண்டது. உத்தமபாளையத்தில் ஒரு மாடி அறை. சிவப்பு, கருநீலம், வான்நீலம் என்று மூன்று பட்டை போட்ட ஒரு கொடி, பியூகிள் என்கிற ஒரு பித்தளை ஊதுகொம்பு. அவர்களில் யார் செத்தாலும், அவர் எல்லையில் சுட்டவராக இருந்தாலும் சரி, முப்பது வருடம் முகாமில் சப்பாத்தி சுட்டவராக இருந்தாலும் சரி, கொடியைப் போர்த்தி, வரிசையாக நடந்து, சுடுகாட்டில் பியூகிள் ஊதி அனுப்பி வைப்பார்கள். அதற்குப் பந்தலில் ஒரு மரியாதை உண்டு. அந்தச் சாவைப் பற்றி ஊர் ஒரு மாதம் பேசும்.

ஜெபஷீலா பீரோவைத் திறந்தாள். யூனிஃபார்ம் புடவையைக் கட்டினாள். மேலே குளிர்காலக் கோட்டைப் போட்டுக்கொண்டாள். தோள் இரண்டிலும் ஜெனரல் ரேங்குச் சின்னமாகக் குறுக்கே வைத்த வாளும் கோலும், ஒரு நட்சத்திரமும். நெஞ்சில் பதக்க வரிசை. கிறிஸ்டோபர் கடை வாசலில் அவளைப் பார்த்துவிட்டுத் திகைத்துப் போனான்.

"என்னக்கா இது, இந்த வெயில்ல கோட்டு?"

"கார் சாவியைக் குடு."

தேவாரம், கோம்பை வழியாக வண்டி போனது. ரோட்டோரத் தோட்டங்களில் திராட்சைக் கொடி கவாத்து வெட்டி மொட்டையாக நின்றது. அவள் கண்ணில் எதுவும் நிற்கவில்லை. மனசு முழுக்க ஒரு மஞ்சள் கயிறு.

எண்பத்தெட்டாம் வருடம். சங்கிலி லீவில் ஊருக்குப் போனாள். அவள் தாய்க்குச் சீரியஸ். கண்ணை மூடுவதற்குள் மகளுக்குத் தாலி ஏறிவிட வேண்டும் என்று பெற்றவள் பிடித்த பிடிவாதத்தில், மாமன் மகன் அழகுமலை சுருளிக் கோயிலில் வைத்துத் தாலி கட்டினார். அன்றைக்கு ராணுவ நர்சுகளுக்கு ஒரு விதி இருந்தது. கல்யாணம் செய்தால் வேலை இல்லை. ஆம்பளை டாக்டர் நாலு பிள்ளை பெறலாம், நர்ஸ் ஒரு தாலி கட்டிக்கொள்ளக் கூடாது. சங்கிலி தாலிக்கயிற்றை ரவிக்கைக்குள் ஊக்குப் போட்டு மறைத்துக்கொண்டு நாலு மாதம் டியூட்டி பார்த்தாள். ஒரே அறையில் படுத்திருந்த ஜெபஷீலாவுக்கு மட்டும்தான் தெரியும்.

எப்படியோ வாடை பிடித்த மேட்ரன், ஜெபஷீலாவைத் தனியாகக் கூப்பிட்டுக் கேட்டார். "அவளுக்குக் கல்யாணம் ஆகிவிட்டதா?"

"ஆமா மேடம்" என்றாள் ஜெபஷீலா.

ஞாயிறு பள்ளியில் வளர்ந்தவள், பொய் வாயில் வரவில்லை என்று பிற்பாடு தனக்குத்தானே ஆயிரம் தடவை சொல்லிப் பார்த்திருக்கிறாள். அந்தச் சமாதானம் சுத்தப் பொய். ஓய்வுவரை பணியில் வைத்துக்கொள்ளும் நிரந்தரக் கமிஷன் பட்டியலில் அந்த ஆஸ்பத்திரிக்கு ஒரே ஓர் இடம் இருந்தது. போட்டியில் இருந்தது அவளும் சங்கிலியும். சங்கிலி அவளைவிடக் கெட்டிக்காரி. அந்த 'ஆமா'வுக்குப் பின்னால் இருந்தது இவ்வளவுதான். ஏழு வருடம் கழித்து அந்த விதியையே எடுத்துவிட்டார்கள். அதற்குள் சங்கிலி ஊரில் மாட்டுக்குத் தண்ணி காட்டிக்கொண்டிருந்தாள். ஜெபஷீலா மேஜர் ஆகியிருந்தாள்.

கொடுமை என்னவென்றால் சங்கிலிக்கு இது தெரியவே தெரியாது. ஒவ்வொரு பதவி உயர்வுக்கும் ஊர் முழுக்க மிட்டாய் கொடுத்தாளாம். "எங்க ஷீலா பிரிகேடியர் ஆயிட்டா." பொங்கலுக்குப் பொங்கல் கடிதம். டெல்லிக்கு ஆள் கிடைத்தால் ஒரு கூடை பன்னீர் திராட்சை. அந்தப் பழத்தை ஜெபஷீலாவால் ஒரு தடவைகூட நிம்மதியாகத் தின்ன முடிந்ததில்லை.

உத்தமபாளையத்தில் சங்கத்து மாடிப்படி ஏறினாள். தலைவர் சுருளியாண்டி, கௌரவ கேப்டன், எழுபது வயது. ஜவானாகச் சேர்ந்து சுபேதார் மேஜர்வரை படிப்படியாக உழைத்து ஏறியவர். கெட்ட மனுஷன் இல்லை. நாற்பது ஐம்பது பேர் பாடைக்குத் தோள் கொடுத்திருக்கிறார். அவளைக் கண்டதும் கண் தானாகத் தோளுக்குப் போனது. பாதி எழுந்தார், பிறகு நர்ஸ் என்று நினைவு வந்ததோ என்னவோ, மறுபடி உட்கார்ந்துவிட்டார்.

"வாங்கம்மா. காமயகவுண்டன்பட்டி விசயமாத்தானே? நான் அந்த அழகுமலைக்கிட்டயே சொல்லிட்டேன். ரூல்ல இடமில்ல."

"என்ன ரூல்?"

"நர்ஸம்மாக்கள நாங்க மெம்பரா சேக்கிறதில்ல. ஊசி போட்டவுகளுக்கெல்லாம் கொடி போத்தினா, நாளைக்கு யார் யாரெல்லாமோ வந்து நிப்பாக. அதுலயும் அவுக பென்சன் வாங்கி வந்தவுக இல்ல. டிஸ்சார்ஜ். டிஸ்சார்ஜுன்னா என்னான்னு உங்களுக்குத் தெரியாததா? ஏதோ ஒரு தப்பு இல்லாமயா அனுப்புவாக?"

ஜெபஷீலாவுக்குச் சுருக்கென்று இருந்தது. தப்பு இருந்தது. ஆனால் அது அனுப்பப்பட்டவள் செய்த தப்பு இல்லை.

"கல்யாணம் பண்ணினா, கேப்டன். அதுக்காக அனுப்பினாக."

சுருளியாண்டி சிரித்தார். கேலிச் சிரிப்புக்கூட இல்லை. சின்னப் பிள்ளை சொல்வதைக் கேட்டுச் சிரிக்கிற சிரிப்பு. "எதுவா இருந்தா என்னம்மா. பொம்பளை சவத்துமேல இதுவரைக்கும் நம்ம கொடி ஏறினதில்ல."

சாமி வரம் கொடுத்தாலும் பூசாரி கொடுக்க மாட்டான் என்பது இதுதான். டெல்லியில் அவளுக்கு வாசல் திறந்தார்கள், உத்தமபாளையத்து மாடியறையில் ஒரு துணிக்கு வழியில்லை. அவள் வாதாடவில்லை. கெஞ்சுவது அவளுக்கு வராது. படியிறங்கி வண்டியை எடுத்தாள்.

காமயகவுண்டன்பட்டியில் வீட்டு முன்னால் பந்தல் போட்டிருந்தது. சங்கிலியம்மாளைக் கட்டிலில் கிடத்தியிருந்தார்கள். தலைமாட்டில் அழகுமலை, தோட்டத்து மண் காலோடு அப்படியே உட்கார்ந்திருந்தார். அவளைப் பார்த்ததும், "வந்துட்டியா தாயி" என்று ஒரு சொல் சொன்னார்.  ஊரில் பாதிப் பேர் அந்த வீட்டு வாசலில் ஊசி போட்டுக்கொண்டவர்கள். மிலிட்டரியம்மா மிலிட்டரியம்மா என்று பெண்கள் ஒப்பாரி வைத்து அழுதுகொண்டிருந்தார்கள்.

ஜெபஷீலா தோழியின் முகத்தைப் பார்த்தாள்.  அழுகைக்கு முன்னால் கோபம் வந்தது, சங்கத்தின்மேல், விதியின்மேல், எல்லாவற்றையும்விடத் தன்மேல். கோட்டைக் கழற்றினாள். பதக்கங்கள் கிணுங்கின. தோள்பட்டையிலிருந்த வாளும் கோலும் மேலே தெரியும்படி, சங்கிலியம்மாளின் நெஞ்சுமேல் அதை விரித்துப் போர்த்தினாள்.

"இது என்னா பெரியம்மா?" என்றாள் விஜி.

"கொடி வர்ற வரைக்கும் இது இருக்கட்டும். வரலைன்னா இதோடவே போகட்டும்."

பந்தலில் விஜய்ராஜ் என்று ஒரு பழைய ஹவில்தார் மாலையோடு வந்திருந்தார். சங்கத்தில் பியூகிள் ஊதுகிறவர் அவர்தான். அதே தெருக்காரர், பக்கத்து வீட்டு முறைக்கு வந்திருந்தார். மாலை போடக் குனிந்தவர் கோட்டைப் பார்த்து அப்படியே நின்றுவிட்டார்.  மாலையைக் கீழே வைத்துவிட்டு வெளியே போய்ப் போனை எடுத்தார். "கேப்டன் சாப், இங்கன ஜெனரல் ரேங்கைச் சவத்துமேல போத்தியிருக்காக. எரிக்கப் போறாகளாம்."

அரை மணி நேரத்தில் சுருளியாண்டியின் ஜீப் வந்து நின்றது. ஆள் நடந்து வரவில்லை, பாய்ந்து வந்தார். முகம் சிவந்து போயிருந்தது.

"மேடம், அதை எடுங்க." காலையில் 'அம்மா'வாக இருந்தவள் இப்போது மேடம் ஆகிவிட்டாள். "அந்த ரேங்க் நெருப்புல போகக் கூடாது. எத்தனை பேரு அதுக்குச் சல்யூட் அடிச்சிருப்பாக!"

"கொடி வந்தா எடுக்கிறேன்."

"இது மிரட்டல்."

"ஆமா கேப்டன். மிரட்டல்தான்."

சுருளியாண்டி பந்தலைச் சுற்றிப் பார்த்தார். கூட்டம் முழுக்க அவரையே பார்த்துக்கொண்டிருந்தது. கண் மறுபடி மறுபடி அந்தத் தோள்பட்டைக்கே போனது. வாழ்நாள் முழுக்க அந்தச் சின்னத்தைத் தொலைவில் கண்டாலே விறைத்து நின்ற உடம்பு அது. மூளை வேண்டாம் என்றாலும் கேட்காது. மனுஷிக்குக் கிடைக்காத மதிப்பு பித்தளைக்குக் கிடைத்தது. கிடைத்த மட்டும் லாபம் என்று ஜெபஷீலா நினைத்துக்கொண்டாள்.

"விஜய்ராஜ்" என்றார் சுருளியாண்டி, அவள் முகத்தைப் பார்க்காமல். "ஜீப்ல கொடி இருக்கு. எடுத்துட்டு வா."

கொடி இல்லாமல் வரவில்லை அந்த மனுஷன்.

மூன்று மணிக்குப் பாடை கிளம்பியது. ஒப்புக்கொண்டபடி ஜெபஷீலா கோட்டை எடுத்துப் போட்டுக்கொண்டாள். மூன்று பட்டைக் கொடி சங்கிலியம்மாளைப் போர்த்தியது. சங்கத்தார் ஒன்பது பேர், ரெஜிமென்ட் தொப்பிகளோடு இரட்டை வரிசையில் நடந்தார்கள். முன்னால் ஜெபஷீலா. விஜியும் கூடவே நடந்தாள்.

தெருமுனையில் தடை வந்தது. அந்த ஊரில் பெண்கள் முச்சந்தியோடு திரும்பிவிட வேண்டும். சுடுகாட்டுக்கு வரக் கூடாது. அழகுமலையின் பங்காளி ஒருவர் குறுக்கே கையை நீட்டினார். "பொம்பளையாளுக இங்கனயே நின்னுக்கங்க. அதுக்கு மேல வழக்கமில்ல."

"இது அணிவகுப்பு. அணிவகுப்புல ஆம்பளை பொம்பளை கிடையாது" என்றாள் ஜெபஷீலா.

"நீங்க வேதக்காரவுக, உங்களுக்கு என்ன. விஜி எங்க வீட்டுப் பிள்ளை. அது வரக் கூடாது."

அதுவரை தலை குனிந்து நடந்த அழகுமலை திரும்பினார். "ஏண்டா, சங்கிலி டெல்லி தாண்டிப் போயி, பனியில வேலை பாத்துட்டு வந்தவ. அவ மக சுடுகாடுவரைக்கும் வந்தா எந்தக் கோட்டை இடிஞ்சு விழுகுது? கையை எடு."

பங்காளி கையை எடுத்தார்.

சுடுகாட்டில் விறகு அடுக்கியிருந்தது. அதன்மேல் பாடையை இறக்கி வைத்தார்கள். சங்கத்துக்கு ஒரு முறை உண்டு. நெருப்பு வைப்பதற்கு முன் இறந்தவருடைய சர்வீஸை வாசிப்பார்கள்: எப்போது சேர்ந்தார், எங்கெங்கே இருந்தார், எப்படி வெளியே வந்தார். சுருளியாண்டி பாக்கெட்டிலிருந்து ஒரு தாளை எடுத்துப் பிரித்து, மூக்குக் கண்ணாடியைத் தேடினார். தாளில் பெயரும் ஊரும் தவிர ஒன்றும் எழுதியிருக்கவில்லை.

"எனக்கு மனப்பாடம். நான் சொல்றேன்" என்றாள் ஜெபஷீலா.

வரிசை விறைத்தது. அவள் பரேடு மைதானத்துக் குரலில் சொன்னாள்.

"லெப்டினன்ட் சங்கிலியம்மாள். ராணுவச் செவிலியர் படை. எண்பத்து நாலாம் வருசம் பதவி ஏத்தாங்க. பயிற்சியில எங்க அணியிலயே முதல் இடம். பனிமலை அடிவாரத்து ஆஸ்பத்திரியில ரெண்டு குளிர்காலம். விரல் கருகி வந்த பசங்க எத்தனையோ பேருக்கு, வெட்டாம விரலைக் காப்பாத்திக் குடுத்தாங்க. எண்பத்தெட்டு ஜூலையில வேலையை விட்டு அனுப்பினாங்க. காரணம், கல்யாணம்." மூச்சை இழுத்தாள். "கல்யாணம் ஆனதை மேலதிகாரிகிட்டக் காட்டிக் குடுத்தது, கூடத் தங்கியிருந்த லெப்டினன்ட் ஜெபஷீலா. சங்கிலிக்கு வர வேண்டிய இடம் எனக்கு வந்துச்சு. அன்னையில இருந்து நான் வாங்கின ஒவ்வொரு ரேங்கும் அங்க இருந்துதான் ஆரம்பம்."

 சுருளியாண்டியின் வாய் திறந்தபடி இருந்தது. அழகுமலை தலையில் கட்டியிருந்த துண்டை அவிழ்த்துக் கையில் பிடித்துக்கொண்டார். முச்சூடும் விளங்குவதற்கு அவருக்கு நேரம் பிடித்தது.

விஜிதான் முதலில் பேசினாள். "அம்மாவுக்குத் தெரியுமா?"

"தெரியாது."

"முப்பத்தாறு வருசமா லெட்டர் எழுதினீகளே."

"ஒரு லெட்டர்லயும் இதை எழுதல. பயம். அவ திராட்சை அனுப்புறதை நிப்பாட்டிருவான்னு பயம்."

இந்தப் பெண் கன்னத்தில் ஒன்று வைத்தால் வாங்கிக்கொள்ளலாம் என்று ஜெபஷீலாவுக்கு இருந்தது. விஜி அடிக்கவில்லை. கிட்டே வந்தாள். அழுது வீங்கிய கண்ணால் அந்தத் தோள்பட்டையை, வாளை, கோலை, நட்சத்திரத்தை ஒவ்வொன்றாகப் பார்த்தாள்.

"இது எங்கம்மாவுக்கு வந்திருக்க வேண்டியது, பெரியம்மா. கழட்டிக் குடுங்க."

ஜெபஷீலா பித்தான்களை அவிழ்த்தாள். காலையில் அவளாகக் கழற்றிப் போர்த்தியபோது அதில் ஒரு வீம்பு இருந்தது, நான் கொடுக்கிறேன் என்கிற நினைப்பு இருந்தது. இப்போது அது இல்லை. கேட்டவள் உரிமைக்காரி. பதக்கங்களோடு சேர்த்துக் கோட்டை விஜியின் கையில் கொடுத்தாள்.

சுருளியாண்டி கொடியை மடித்து முடித்திருந்தார். விஜி கோட்டோடு பாடைப் பக்கம் போவதைக் கண்டு குறுக்கே வந்தார். குரல் தாழ்ந்து போயிருந்தது. "மேடம், பேசினபடி கொடி வந்துருச்சுல்ல. இதை எரிக்க ரூல்ல இடமே இல்ல மேடம்."

"நானும் அன்னைக்கு ரூலைச் சாக்கா வச்சுத்தான் இவளைக் காட்டிக் குடுத்தேன், கேப்டன். பாதையை விடுங்க."

அவர் அவளையும் பார்த்தார், விஜியையும் பார்த்தார். கொடியைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு ஓரடி பின்னால் போனார்.

விஜி கோட்டைத் தாயின்மேல் விரித்தாள். காலர் மடங்கியிருந்ததை நீவி விட்டாள். தோள்பட்டை இரண்டும் சரியாகச் சங்கிலியம்மாளின் தோளில் உட்காரும்படி இழுத்து வைத்தாள். நெஞ்சுமேல் விறகை அடுக்கியவர்கள் அதைப் பார்த்துப் பார்த்து மெதுவாக அடுக்கினார்கள்.

அழகுமலை கொள்ளியை வைத்தார். விஜய்ராஜ் பியூகிளை உதட்டில் வைத்துக்கொண்டு உத்தரவுக்காகச் சுருளியாண்டியைப் பார்த்தார். சுருளியாண்டி ஜெபஷீலாவைப் பார்த்தார்.

தோளில் ஒன்றும் இல்லாமல், வெறும் புடவையோடு நின்ற ஜெபஷீலா உத்தரவிட்டாள். "ஊதுங்க."

பியூகிள் ஊதி முடிகிறவரை ஒன்பது கைகளும் சல்யூட்டில் நின்றன. பங்காளி வீட்டு ஆட்கள் விஜியைப் போகச் சொல்லிக் கண்காட்டினார்கள். அவள் போகவில்லை. ஜெபஷீலாவுக்குப் பக்கத்திலேயே, அவளைத் தொடாமல், நெருப்பைப் பார்த்துக்கொண்டு நின்றாள்.